காயலான் கடைக்கு வந்த கோபால்ட்: கதிரியக்கப் பொருள்களும் சட்டம் கைவிட்ட தொழிலாளரும்

2010ஆம் ஆண்டு பிப்ரவரி மாதம் தில்லிப் பல்கலைக்கழகம் தன் வேதியியல் துறையில் நெடுங்காலமாகப் பயன்படாமல் கிடந்த ஒரு கருவியைப் பழைய பொருள்களோடு சேர்த்து ஏலத்தில் விற்றது. அது கனடாவில் செய்யப்பட்ட காமாக் கதிர்வீச்சுக் கருவி. அதன் உட்கூட்டில் கோபால்ட்-60 என்னும் கதிரியக்க உலோகம் அடைக்கப்பட்டிருந்தது. ஏலம் எடுத்தவர் வழியாக அது மேற்கு தில்லியின் மாயாபுரிப் பழைய இரும்புச் சந்தையை அடைந்தது. அங்கே கூலித் தொழிலாளர்கள் அதை உடைத்துப் பிரித்தார்கள். ஈயம் ஒருபக்கம், எஃகு ஒருபக்கம் எனத் தரம் பிரித்தபோது பளபளப்பான சிறு உலோகத் துண்டுகளும் கைக்குக் கை மாறின. ஒருவர் அதில் ஒரு துண்டைத் தம் பணப்பையில் வைத்துக்கொண்டார்.

ஏப்ரல் முதல் வாரத்தில் தோல் கருத்தும், முடி உதிர்ந்தும், வாந்தி நிற்காமலும் அவர்கள் மருத்துவமனைகளுக்கு வரத் தொடங்கினார்கள். ஏழெட்டுப் பேர் கதிர்வீச்சால் பாதிக்கப்பட்டனர். அவர்களுள் ஒரு தொழிலாளி அம்மாத இறுதியில் உயிரிழந்தார். அணு நிகழ்வுகளை 0 முதல் 7 வரை தரம் பிரிக்கும் பன்னாட்டு அளவுகோலில் மாயாபுரி 4ஆம் நிலையில் வைக்கப்பட்டது. அணு உலையோ, யுரேனியச் சுரங்கமோ இல்லாத ஒரு கடைத்தெருவில் இது நடந்தது.

மாயாபுரியில் இறந்தவரின் சாதிச் சான்றிதழைத் தேடி நாம் இக்கட்டுரையை எழுதவில்லை. கழிவும் பழைய பொருளும் வந்து சேரும் இடத்தில் இந்தச் சமூகம் யாரை நிறுத்தியிருக்கிறது என்பதே நம் கேள்வி. குப்பை பொறுக்குவதிலும், சாக்கடை அள்ளுவதிலும், பழைய இரும்பு உடைப்பதிலும் அடித்தட்டில் நிற்போர் பெரும்பாலும் தலித்துகளும், முஸ்லிம்களும், வாழ்வாதாரம் இழந்து நகரத்துக்கு வந்த நிலமற்றவர்களும் ஆவர். ஆகவே கதிரியக்கப் பொருளை எப்படிக் கையாள வேண்டும், எப்படிக் கொண்டுசெல்ல வேண்டும், எங்கே கொண்டுபோய் முடிக்க வேண்டும் என்பவை நிபுணர்களுக்கு மட்டும் உரிய கேள்விகள் அல்ல. சமூக நீதி பேசும் நாம் அவற்றைப் புரிந்துகொண்டே ஆக வேண்டும்.

கருவி நின்றாலும் கதிர் நிற்காது

முதலில் ஒரு வேறுபாட்டைத் தெளிவாக்கிக்கொள்வோம். மருத்துவமனையில் உள்ள எக்ஸ்ரே கருவி மின்சாரத்தால் இயங்குவது. மின்சாரத்தை நிறுத்தினால் அதன் கதிர்வீச்சும் நின்றுவிடும். கோபால்ட்-60, சீசியம்-137, இரிடியம்-192 போன்றவை அப்படிப்பட்டவை அல்ல. அவற்றின் அணுக்கள் நிலையற்றவை. சிதைந்துகொண்டே கதிர்களை வெளியிடுபவை. அவற்றை நிறுத்த எந்தப் பொத்தானும் இல்லை. புற்றுநோய் மருத்துவத்திலும், தொழிற்சாலைக் குழாய்களின் பற்றவைப்பைச் சோதிப்பதிலும், எண்ணெய்க் கிணறுகளிலும், உணவுப் பொருள்களைப் பதப்படுத்துவதிலும், ஆய்வகங்களிலும் இவை பயன்படுகின்றன. பயன் உண்மையானது, அதை நாம் மறுக்கவில்லை.

ஒரு கதிரியக்கப் பொருளின் வீரியம் பாதியாகக் குறைய எடுக்கும் காலத்தை அரை ஆயுட்காலம் என்பர். இரிடியம்-192க்கு அது சுமார் 74 நாள்கள். கோபால்ட்-60க்கு சுமார் 5.27 ஆண்டுகள், சீசியம்-137க்கு சுமார் 30 ஆண்டுகள். ஒரு கோபால்ட் கருவியை 25 ஆண்டுகள் தொடாமல் பூட்டி வைத்தால், தொடக்கத்தில் இருந்த வீரியத்தில் ஏறத்தாழ 27இல் ஒரு பங்கு எஞ்சியிருக்கும். "பழசாகிவிட்டது, இனி ஒன்றும் செய்யாது" என்று ஒரு துறைத் தலைவரோ, பண்டகக் காப்பாளரோ நினைத்தால், அந்த எஞ்சிய பங்கே ஓர் உயிரைப் பறிக்கப் போதுமானதாக இருக்கக்கூடும். அலுவலகக் கணக்கேட்டில் ஒரு பொருள் 'பயனற்றது' ஆவதற்கும் இயற்பியலில் அது செயலற்றது ஆவதற்கும் இடையே பல பத்தாண்டுகள் உள்ளன.

மற்றொரு வேறுபாடும் முக்கியமானது. கதிர்வீச்சுக்கு ஆட்படுவது வேறு. கதிரியக்கத் துகள் உடலில் ஒட்டிக்கொள்வது வேறு. கோபால்ட் துண்டிலிருந்து வரும் காமாக் கதிர் ஒருவர் உடலை ஊடுருவினால் அவருடைய செல்கள் சிதையும். ஆனால் அதனால் அவர் தாமே கதிர்வீசுபவராக மாறிவிடமாட்டார். அவரைத் தொடுவதாலோ, அவரோடு உண்பதாலோ, அருகில் படுப்பதாலோ யாருக்கும் எதுவும் வராது. மாறாக, தூளாகச் சிந்திய சீசியம் போன்றவை தோலிலும் உடையிலும் ஒட்டும். மூச்சிலும் உணவிலும் உட்புகும். அப்போதும் உடையை அகற்றி, முறையாகக் கழுவி, மருத்துவம் செய்தால் பரவலைத் தடுக்க முடியும். இந்த வேறுபாட்டை ஏன் அழுத்திச் சொல்கிறோம் என்பதைப் பின்னர் காண்போம்.

சட்டம் கேட்கும் மூன்று காவல்கள்

மாயாபுரி நடந்தபோது இந்தியாவில் விதிகள் இல்லாமல் இல்லை. 1962ஆம் ஆண்டின் அணுசக்திச் சட்டம் இருந்தது. அதன்கீழ் 1983 நவம்பர் 15 அன்று அமைக்கப்பட்ட அணுசக்தி ஒழுங்குமுறை வாரியம் இருந்தது. கதிரியக்கக் கழிவுகளைப் பாதுகாப்பாக அகற்றுவதற்கான 1987ஆம் ஆண்டு விதிகளும், கதிர்வீச்சுப் பாதுகாப்புக்கான 2004ஆம் ஆண்டு விதிகளும் இருந்தன. இவை கேட்பவற்றை மூன்று காவல்களாகத் தொகுக்கலாம்.

முதற்காவல், வைத்திருப்பது. ஆபத்து மிகுந்த கதிரியக்கக் கருவியை உரிமம் பெற்ற நிறுவனம் மட்டுமே வைத்திருக்க முடியும். அதற்குத் தகுதி பெற்ற கதிர்வீச்சுப் பாதுகாப்பு அலுவலர் ஒருவர் இருக்க வேண்டும். பொருளின் இருப்புக் கணக்கு தொடர்ந்து பேணப்பட வேண்டும். அங்கே பணிபுரிவோர் பெறும் கதிர்வீச்சை அளக்க வேண்டும். கதிர்வீச்சுப் பணியாளருக்கு ஐந்தாண்டுச் சராசரியாக ஆண்டுக்கு 20 மில்லிசீவர்ட், எந்த ஓர் ஆண்டிலும் 30க்கு மேற்படாமல், என்பது இந்திய வரம்பு. பொதுமக்களுக்கு ஆண்டுக்கு 1 மில்லிசீவர்ட். காயலான் கடைத் தொழிலாளி சட்டத்தின் பார்வையில் கதிர்வீச்சுப் பணியாளர் அல்லர். அவர் பொதுமக்களில் ஒருவர். எனவே மிகக் குறைந்த வரம்புக்கும் மிக உயர்ந்த பாதுகாப்புக்கும் உரியவர் அவரே.

இரண்டாம் காவல், கொண்டுசெல்வது. இதற்கான பன்னாட்டு நெறிகளின் அடிப்படைக் கருத்து எளியது: ஓட்டுநரின் திறமையையோ சாலையின் நிலையையோ நம்பாதே, பெட்டியை நம்பு. பொருளின் வீரியத்துக்கு ஏற்பப் பெட்டியின் வகை அமையும். குறைந்த வீரியத்துக்கு 'ஏ' வகை. மிகுந்த வீரியத்துக்கு 'பி' வகை. 'பி' வகைப் பெட்டி 9 மீட்டர் உயரத்திலிருந்து விழும் சோதனையையும், 800 டிகிரி செல்சியஸ் வெப்பத்தில் 30 நிமிடம் வேகும் சோதனையையும், நீரில் மூழ்கும் சோதனையையும் தாங்க வேண்டும். பெட்டியின் மேற்பரப்பில் வெளிப்படும் கதிர்வீச்சைப் பொறுத்து வெள்ளை-1, மஞ்சள்-2, மஞ்சள்-3 என்னும் அடையாளச் சீட்டுகளில் ஒன்று ஒட்டப்படும். வாகனத்திலும் அறிவிப்பு இருக்க வேண்டும். விபத்து நேர்ந்தால் என்ன செய்வது என்னும் குறிப்பை ஓட்டுநர் வைத்திருக்க வேண்டும்.

மூன்றாம் காவல், முடித்துவைப்பது. பயன் முடிந்த கதிரியக்க மூலத்தை அதை வழங்கியவரிடமே திருப்பி அனுப்ப வேண்டும். அல்லது கல்பாக்கம், டிராம்பே போன்ற இடங்களில் உள்ள அங்கீகரிக்கப்பட்ட கழிவு மேலாண்மை நிலையத்துக்கு அனுப்ப வேண்டும். ஏலம் விடுவதற்கு இதில் இடமே இல்லை.

மாயாபுரியில் இந்த மூன்று காவல்களும் ஒரே நாளில் வீழ்ந்தன. இருப்புக் கணக்கில் கருவி பழைய சாமான் ஆனது. 'பி' வகைப் பெட்டியில் போக வேண்டியது காயலான் சரக்கு வண்டியில் போனது. கழிவு நிலையத்துக்குப் போக வேண்டியது கடைத்தெருவுக்குப் போனது. பின்னர் பாபா அணு ஆராய்ச்சி மையத்தினரும் பேரிடர் மீட்புப் படையினரும் அளவிகளோடும் காப்புக் கலன்களோடும் வந்து துண்டுகளைத் தேடி எடுத்தார்கள். எந்தக் கருவிகள் அப்போது வந்தனவோ, அவற்றில் ஒன்று பிப்ரவரி மாதம் பல்கலைக்கழகப் பண்டக அறைக்கு வந்திருந்தால் போதும். கையடக்க அளவி ஒன்று ஓர் உயிரைக் காத்திருக்கும்.

காக்கும் உறையே விலையாகும் முரண்

இதில் பொருளாதாரம் ஒன்று ஒளிந்திருக்கிறது. காமாக் கதிரைத் தடுக்க அடர்த்தியான உலோகம் வேண்டும். அதற்காகவே கருவியைச் சுற்றி ஈயம் வார்க்கப்படுகிறது. கருவி உயிரோடிருக்கும்வரை அந்த ஈயம் ஆய்வாளரைக் காக்கிறது. கருவி கழிவானதும் அதே ஈயம் எடைக்கு விலைபோகும் சரக்காகிறது. ஆய்வாளருக்குக் கவசமாக இருந்தது, தொழிலாளிக்கு அன்றையக் கூலியாகிறது. அந்தக் கூலியை எடுக்க வேண்டுமானால் கவசத்தை உடைத்தாக வேண்டும்.

"ஏன் உடைத்தார்கள்? எச்சரிக்கைக் குறி இருந்திருக்குமே?" என்று கேட்போர் உண்டு. மஞ்சள் பின்னணியில் மூன்று இதழ் வடிவிலான கதிரியக்கக் குறியை நம் ஊர்களில் எத்தனை பேர் அறிவார்கள்? விசிறி இறக்கை போலவோ பூவைப் போலவோ தோன்றும் அந்தக் குறி, அதைப் படித்தவருக்கு மட்டுமே ஆபத்தைச் சொல்கிறது. 2000ஆம் ஆண்டு தாய்லாந்தின் சமுத் பிராகான் மாநிலத்தில் இதுவே நடந்தது. பாதுகாப்பின்றி விடப்பட்டிருந்த கோபால்ட்-60 மருத்துவக் கருவி பழைய இரும்புக் கடைக்கு வந்தது. அதைக் கையாண்டவர்களுக்கு அந்தக் குறியின் பொருள் தெரியவில்லை. மூவர் இறந்தனர். 2007இல் பன்னாட்டு அணுசக்தி முகமை புதிய குறி ஒன்றை அறிமுகப்படுத்தியது: சிவப்புப் பின்னணி, கதிர் அலைகள், மண்டையோடும் எலும்பும், ஓடும் மனிதன். எழுத்தறியாதவரும் புரிந்துகொள்ள வேண்டும் என்பதே அதன் நோக்கம். குற்றம் படிக்காதவரிடம் இல்லை, அவருக்குப் புரியாத மொழியில் எச்சரித்தவரிடமே உள்ளது என்பதை உலகம் மூன்று உயிர்களுக்குப் பிறகு ஒப்புக்கொண்டது. ஆனால் புதிய குறி வருவதற்கு முன் செய்யப்பட்ட பழைய கருவிகளே இன்று கழிவாகி வருகின்றன.

கோயானியா: கதிர்வீச்சும் தீண்டாமையும்

1987 செப்டம்பரில் பிரேசிலின் கோயானியா நகரில் நிகழ்ந்தது இத்துறையின் மிகப் பெரிய பாடம். தனியார் கதிர்மருத்துவ நிறுவனம் ஒன்று இடம் மாறியபோது தன் சீசியம்-137 கருவியைப் பழைய கட்டடத்திலேயே விட்டுச் சென்றது. பாழடைந்த அக்கட்டடத்தில் பழைய பொருள் தேடி நுழைந்த இருவர் அதைக் கழற்றி எடுத்துக் காயலான் கடைக்கு விற்றனர். உடைந்த உறைக்குள் இருந்த தூள் இருட்டில் நீல ஒளி வீசியது. அதிசயம் என்று நினைத்து உறவினருக்கும் நண்பருக்கும் பகிர்ந்தளித்தார்கள். சுமார் 1,12,000 பேர் பரிசோதிக்கப்பட்டனர். 249 பேரிடம் கதிரியக்கத் துகள் ஒட்டியிருந்தது. நால்வர் இறந்தனர். அவர்களுள் ஒருத்தி ஆறு வயதுச் சிறுமி.

குடும்பத்தினர் நோயுறுவதற்கும் அந்தப் பொருளுக்கும் தொடர்பு உண்டு என்பதை முதலில் ஐயுற்றவர் மருத்துவர் அல்லர். காயலான் கடைக்காரரின் மனைவிதான். அவரே அதை ஒரு பையில் போட்டு, பேருந்தில் ஏற்றி, சுகாதார அலுவலகத்துக்குக் கொண்டுபோய்ச் சேர்த்தார். 'பி' வகைப் பெட்டியில் போயிருக்க வேண்டிய பொருள் பயணிகள் பேருந்தில் போனது. ஆனால் அவர் கொண்டுபோகாமல் இருந்திருந்தால் இறப்புகள் பெருகியிருக்கும். அவரும் சில வாரங்களில் இறந்தார். ஓர் ஏழைப் பெண்ணின் கூர்மை, உரிமம் பெற்ற நிறுவனம் செய்யத் தவறிய கடமையைச் செய்தது.

அதற்குப் பிறகு நடந்ததை நம் வாசகர்கள் உடனே அடையாளம் காண்பார்கள். சிறுமியின் உடலை அடக்கம் செய்ய எடுத்துச் சென்றபோது திரண்ட கூட்டம் கல்லெறிந்தது. ஈயம் பொதிந்த பெட்டியில், கான்கிரீட்டுக்கு அடியில் புதைப்பதால் ஆபத்தில்லை என்று விளக்கியும் மக்கள் கேட்கவில்லை. கோயானியாவைச் சேர்ந்தவர் என்று தெரிந்தால் பிற ஊர்களில் விடுதிகள் அறை தர மறுத்தன. அந்நகரின் விளைபொருள்களை வாங்க ஆளில்லை.

பொதுச் சுடுகாட்டில் இடம் மறுக்கப்படுவதும், பாதையில் பிணம் போகத் தடுக்கப்படுவதும் என்னவென்று நமக்குத் தெரியும். கதிர்வீச்சு கண்ணுக்குத் தெரியாதது. தீட்டு என்று சாதி கற்பித்ததும் கண்ணுக்குத் தெரியாதது. முன்னதை அளவியால் அளக்கலாம், எவ்வளவு தூரத்தில் எவ்வளவு என்று சொல்லலாம், கழுவி அகற்றலாம். பின்னதற்கு அளவி இல்லை, ஏனெனில் அப்படி ஒன்று இல்லவே இல்லை. அளக்கக்கூடிய ஆபத்து, அளக்க முடியாத தீட்டோடு கலந்துவிடும்போது பாதிக்கப்பட்டவர் இருமுறை தண்டிக்கப்படுகிறார். ஏற்கெனவே ஒதுக்கப்பட்ட தெருவில் இத்தகைய விபத்து நேர்ந்தால் அந்த ஒதுக்கலுக்கு 'அறிவியல்' காரணம் ஒன்று கிடைத்துவிடும். ஆட்படுதலுக்கும் ஒட்டுதலுக்கும் உள்ள வேறுபாட்டை மேலே விரித்தது இதற்காகத்தான். இந்த அறிவு நம் தெருக்களில் விபத்துக்கு முன்பே இருக்க வேண்டும்.

'கதிரியக்கம் நீங்கலாக'

இனி சட்டத்தின் இடைவெளிகளைப் பார்ப்போம். பாதிக்கப்பட்ட தொழிலாளி இழப்பீடு கேட்டு எந்தக் கதவைத் தட்டலாம்?

ஆபத்தான பொருளால் விபத்து நேர்ந்தால் தவறை நிறுவாமலேயே உடனடி நிவாரணம் பெற வழிசெய்வது 1991ஆம் ஆண்டின் பொதுப் பொறுப்புக் காப்பீட்டுச் சட்டம். ஆனால் அது 'விபத்து' என்பதை வரையறுக்கும் இடத்திலேயே போராலும் கதிரியக்கத்தாலும் மட்டுமே நேர்வதை விலக்கிவிடுகிறது. 2016ஆம் ஆண்டின் அபாயகரமான கழிவு விதிகளும், உயிர்மருத்துவக் கழிவு விதிகளும், அணுசக்திச் சட்டத்தின்கீழ் வரும் கதிரியக்கக் கழிவு தமக்கு உரியதன்று எனக் கூறுகின்றன. தேசியப் பசுமைத் தீர்ப்பாயத்தின் அதிகாரத்துக்கு உட்பட்ட சட்டங்களின் அட்டவணையில் 1962ஆம் ஆண்டு அணுசக்திச் சட்டம் சேர்க்கப்படவில்லை.

அப்படியானால் அணு இழப்பீட்டுக்கென்றே உருவான சட்டம்? மாயாபுரி நிகழ்ந்த அதே 2010ஆம் ஆண்டில் நாடாளுமன்றம் அணுச் சேதத்துக்கான குடிமைப் பொறுப்புச் சட்டத்தை நிறைவேற்றியது. அது அணு உலை போன்ற நிலையங்களை நோக்கி எழுதப்பட்டது. அறிவியல், மருத்துவம், வேளாண்மை, வணிகம், தொழில் ஆகியவற்றில் பயன்படும் நிலைக்கு வந்துவிட்ட கதிரியக்க ஐசோடோப்புகளை அது தன் வரையறையிலிருந்து நீக்கியது. கோபால்ட் துண்டு அந்த விலக்குக்குள் அடங்கிவிட்டது. சுற்றுச்சூழல் சட்டங்கள் இது அணு விவகாரம் என்கின்றன. அணு இழப்பீட்டுச் சட்டம் இது உலை விவகாரம் அன்று என்றது. இரண்டுக்கும் நடுவே தொழிலாளி நிற்கிறார்.

2025 வரை எஞ்சியிருந்தது 1923ஆம் ஆண்டின் ஊழியர் இழப்பீட்டுச் சட்டம். அதன் மூன்றாம் அட்டவணை கதிர்வீச்சால் வரும் நோய்களைத் தொழில்சார் நோயாக ஏற்றது. ஆனால் அது இடம்பெற்ற 'பி' பகுதியின்படி, ஒரே முதலாளியிடம் ஆறு மாதம் தொடர்ந்து பணிபுரிந்திருக்க வேண்டியிருந்தது. இன்று இந்தக் கடை, நாளை அந்தக் கடை என்று வருகைப் பதிவேடே இல்லாத நாள்கூலிக்கு இதை நிறுவுவது எவ்வளவு கடினம் என்பதை நாம் நீதிமன்றங்களில் அறிவோம். அதை நோயாகக் கொள்ளாமல் பணியிடத்தில் நேர்ந்த விபத்துக் காயமாக வாதிடலாம்; வாதிட வேண்டும். அப்போதும் பொறுப்பு யார் தலையில் விழுகிறது? தாமும் கதிர்வீச்சுக்கு ஆளான சிறு காயலான் கடைக்காரர்மீதுதான். ஏலம் விட்ட நிறுவனம் அச்சட்டத்தின் கண்ணில் முதலாளியே அன்று.

தண்டனையின் அளவையும் காண்க. 1962ஆம் ஆண்டுச் சட்டத்தின் 30ஆம் பிரிவு, தனியே வேறு தண்டனை சொல்லப்படாத இடங்களில் விதிமீறலுக்கு 500 ரூபாய்வரை அபராதம் என்று விதிகளில் வகுக்க இடமளித்தது. 2012இல் இந்தியத் தணிக்கைத் தலைவர் அணுசக்தி ஒழுங்குமுறை வாரியத்தைப் பற்றி அளித்த அறிக்கை, இத்தகைய அபராதங்கள் யாரையும் தடுக்கப் போதாதவை என்றது. அதைவிட முக்கியமாக, பயன் முடிந்த கதிரியக்க மூலங்கள் உண்மையிலேயே பாதுகாப்பாக அகற்றப்பட்டனவா என்று சரிபார்க்கத் தக்க ஏற்பாடு இல்லை என்பதையும் சுட்டியது. அனுமதித் தாள் வழங்கப்பட்டது. பொருள் போய்ச் சேர்ந்ததா என்று பார்க்கப்படவில்லை. அது மாயாபுரிக்கு இரண்டாண்டுகளுக்குப் பின் வந்த அறிக்கை என்பதை மறக்கலாகாது.

பிரேசில் 1996இல் தனிச் சட்டம் இயற்றி, கோயானியாவில் பாதிக்கப்பட்டோருக்கு ஆயுட்கால ஓய்வூதியம் வழங்கியது. நம் நாட்டில் சாக்கடை மரணங்களுக்கு 10 லட்சம் ரூபாய் என்று 2014இலும், 30 லட்சம் ரூபாய் என்று 2023இலும் உச்ச நீதிமன்றம் நிர்ணயித்தது நெடிய போராட்டத்தின் விளைவு. கழிவாகிவிட்ட கதிரியக்கப் பொருளால் சாகும் தொழிலாளிக்கு அப்படியொரு தொகையைச் சட்டமும் நிர்ணயிக்கவில்லை, நீதிமன்றமும் நிர்ணயிக்கவில்லை.

திறந்திருக்கும் கதவுகள்

எனினும் கையறு நிலையில் நாம் இல்லை. 1986ஆம் ஆண்டின் எம்.சி. மேத்தா வழக்கில், ஆபத்தான தொழிலால் விளையும் தீங்குக்கு விதிவிலக்கற்ற முழுப் பொறுப்பு உண்டு என உச்ச நீதிமன்றம் வகுத்தது. வேலூர்த் தோல் தொழிற்சாலைக் கழிவு வழக்கில் 1996இல் முன்னெச்சரிக்கைக் கோட்பாட்டையும், மாசுபடுத்துபவரே ஈடு செய்ய வேண்டும் என்னும் கோட்பாட்டையும் நம் நாட்டுச் சட்டத்தின் பகுதியாக ஏற்றது. 1993ஆம் ஆண்டின் நீலாபதி பெஹரா வழக்கு, அரசு அமைப்பு உயிர்வாழும் உரிமையைப் பறித்தால் ரிட் மனுவிலேயே இழப்பீடு வழங்கலாம் என்றது. பொதுப் பல்கலைக்கழகமும் அரசு மருத்துவமனையும் அரசியலமைப்பின் பொருளில் 'அரசு' ஆகும். ஆகவே உயர் நீதிமன்றத்தில் 226ஆம் உறுப்பின்கீழ் இழப்பீடு கோருவதே பாதிக்கப்பட்டோருக்கு இன்று உறுதியான வழி.

வழக்குக்கு முன் உயிர் முக்கியம். பழைய பொருள் தொழிலில் இருப்போரிடமும் அவர்தம் சங்கங்களிடமும் நாம் எடுத்துச் செல்ல வேண்டியவை இவை:

• அளவுக்கு மீறிய எடை கொண்ட, ஈயம் சூழ்ந்த, மருத்துவமனை, ஆய்வகம் அல்லது தொழிற்சாலையிலிருந்து வந்த உருளையையோ பெட்டியையோ வெட்டாதீர்கள், உருக்காதீர்கள். மூன்று இதழ்க் குறி இருந்தால் தொடவே வேண்டாம்.

• விலகி நில்லுங்கள். சிறு மூலமாயின் தூரத்தை இரட்டிப்பாக்கினால் கதிர்வீச்சு நான்கில் ஒன்றாகக் குறையும். குறைந்த நேரம், மிகுந்த தூரம், இடையில் கனத்த தடுப்பு என்பவையே காப்பு.

• 112க்கு அழைத்து, 'கதிரியக்கப் பொருள்' என்னும் சொல்லைச் சொல்லுங்கள். நீங்களே பையில் போட்டு எடுத்துச் செல்லாதீர்கள்.

• சூடுபடாமலேயே தோல் சிவந்து கொப்புளிப்பது, வாந்தி, முடி உதிர்தல் இருந்தால், எந்த உலோகத்தைக் கையாண்டீர்கள் என்பதை மருத்துவரிடம் கூறி, இரத்த வெள்ளணுப் பரிசோதனை கேளுங்கள். ஒரே கடையைச் சேர்ந்த இருவருக்கு இப்படி வந்தால் அதைத் தற்செயல் என்று விடாதீர்கள்.

• சரக்கு எங்கிருந்து வந்தது என்னும் சீட்டு, எடைச்சீட்டு, கைப்பேசிப் படம் ஆகியவற்றைப் பாதுகாத்து வையுங்கள். ஏலம் விட்டவரிடம் பொறுப்பைக் கொண்டு சேர்க்கும் சாட்சியம் அதுவே.

நாம் கோருவது

அணுசக்திச் சட்டங்கள் திருத்தப்பட்டாலும், புதிதாகவே எழுதப்பட்டாலும், அவற்றில் இடம்பெற வேண்டியவை உள்ளன. முதலாவது, எந்தக் கல்வி நிறுவனமும் மருத்துவமனையும் தொழிற்சாலையும் பழைய கருவிகளை ஏலம் விடும் முன் கதிர்வீச்சு அளவிச் சான்றிதழைக் கட்டாயமாக இணைக்க வேண்டும். சான்றிதழ் இல்லாத ஏலம் குற்றமாக வேண்டும். இரண்டாவது, மூலம் கழிவு நிலையத்தை அடைந்ததற்கான ஒப்புகை வரும்வரை உரிமதாரரின் பொறுப்பு முடியலாகாது. மூன்றாவது, பெரிய பழைய இரும்புச் சந்தைகளிலும் உருக்காலை வாயில்களிலும் கதிர்வீச்சு அளவிகள் அரசின் செலவில் நிறுவப்பட வேண்டும். 2008இல் பிரான்சில் மின்தூக்கிப் பொத்தான்களில் கோபால்ட்-60 கண்டறியப்பட்டது. அவற்றின் எஃகு இந்தியாவிலிருந்து போனது. ஐரோப்பாவில் அளவி ஒலித்தது. அந்த எஃகு உருக்கப்பட்ட இடத்தில் நின்ற தொழிலாளிக்காக எந்த அளவியும் ஒலிக்கவில்லை.

நான்காவது, 'கதிரியக்கம் நீங்கலாக' என்னும் விலக்கு நீக்கப்பட வேண்டும். அல்லது கைவிடப்பட்ட மூலங்களால் பாதிக்கப்படுவோருக்கென, பணிக்காலச் சான்று கேட்காத இழப்பீட்டு நிதி ஒன்று, உரிமதாரரின் பங்களிப்போடு உருவாக்கப்பட வேண்டும். ஐந்தாவது, கழிவு நிலையத்துக்கும் கழிவுப் பாதைக்கும் இடம் தேர்வு செய்யும்போது பட்டியல் சாதி, பழங்குடிக் குடியிருப்புகளின் அருகாமை வெளிப்படையாகப் பதிவுசெய்யப்பட்டு, அம்மக்களின் மொழியில் பொதுக் கேட்பு நடைபெற வேண்டும்.

கதிரியக்கப் பொருளின் பயன் சமூகம் முழுமைக்கும் போகிறது. அதன் கடைசி எடை மட்டும் ஒரு சிலரின் கையில் வந்து இறங்குகிறது. அந்தக் கை யாருடையது என்பதை நூற்றாண்டுகளாகச் சாதி தீர்மானித்து வந்திருக்கிறது. ஏலச் சீட்டில் கையெழுத்திடும் அதிகாரி ஒருவர், "இதை அளந்து பார்த்தீர்களா?" என்று ஒருமுறை கேட்கும்படி சட்டம் கட்டாயப்படுத்தினாலே அந்தத் தீர்மானத்தில் ஒரு விரிசல் விழும். அந்தக் கேள்வியைக் கேட்க வைப்பது நம் வேலை.